நண்டு வலையும் இழுவை மடியும்: வன்னியின் மேற்குக் கரையில் எல்லை கடந்து நடந்த ஒரு பேச்சு

இலங்கையின் வடக்கே, வன்னிப் பகுதியின் கிளிநொச்சி மாவட்டத்தில், பூநகரிக் கரையோரத்தில் உள்ள ஒரு கடற்றொழிலாளர் கூட்டுறவுச் சங்கம், தன் உறுப்பினர்களின் வலைகளை அறுத்துச் சென்ற தமிழ்நாட்டு இழுவைப் படகுகளின் உரிமையாளர்களோடு 2023இல் தானே பேசத் தொடங்கியது. அந்தப் பேச்சு எப்படித் தொடங்கியது, எவ்வளவு தூரம் போனது, எங்கே முறிந்தது என்பதை இந்த ஆய்வு பதிவு செய்கிறது. கிராமத்தின் பெயரும் ஆட்களின் பெயர்களும் இங்கே தரப்படவில்லை. இரண்டு அரசுகள் பல சுற்றுகள் பேசியும் தீராத ஒரு பிணக்கில் ஒரு கிராமச் சங்கத்தால் என்ன செய்ய முடியும், எதைச் செய்யவே முடியாது என்ற கேள்வியோடு இதை வாசிக்கலாம்.

பின்னணி: கோடும் கடலும்

பாக்கு நீரிணையில் இந்தியாவுக்கும் இலங்கைக்கும் இடையிலான கடல் எல்லை 1974 ஜூனில் வரையப்பட்டது. கச்சதீவு இலங்கையின் பக்கம் வந்தது. இந்திய மீனவரும் யாத்திரிகரும் கச்சதீவுக்கு வந்துபோக அந்த உடன்படிக்கை இடம் வைத்திருந்தாலும், ஒரு நாட்டின் மீனவர் மற்ற நாட்டின் நீர்ப்பரப்பில் தொழில் செய்வதில்லை என்பது 1976 மார்ச்சில் இரு அரசுகளும் பரிமாறிய கடிதங்களில் உறுதியாகிவிட்டது. அந்தக் கடிதங்கள் கடற்றொழிலாளரிடம் கேட்டு எழுதப்பட்டவை அல்ல என்று இராமேஸ்வரத்தில் இன்றும் சொல்வார்கள். வன்னிக் கரையிலும் எவரிடமும் கேட்கவில்லை என்பதை இரண்டு பக்கத்தாரும் பெரும்பாலும் மறந்துவிடுகிறார்கள்.

கோடு வரையப்பட்ட காலத்திலேயே தொழிலும் மாறிக்கொண்டிருந்தது. 1960களிலிருந்து தமிழ்நாட்டுக் கரையில் அரச ஊக்குவிப்போடு பரவிய இழுவை மடித் தொழில், கடலின் அடித்தரையை வாரி இழுக்கும் முறை. பாக்கு நீரிணையோ பெரும்பகுதி பதினைந்து மீற்றருக்கும் குறைந்த ஆழமுள்ள கடல். மடியின் பலகைகளும் சங்கிலியும் தொடாத இடம் அதில் அரிது. இந்தியப் பக்கத்தில் மீன் குறையக் குறையப் படகுகள் கிழக்கே வந்தன. போர்க்காலத்தில் இலங்கையின் வடக்கில் தொழிலுக்கான தடைகளும் இடப்பெயர்வும் கடலை வெறிச்சோட வைத்திருந்தபடியால், வந்த படகுகளுக்கு எதிரே வலை விரித்த ஆளே இருக்கவில்லை. ஏறத்தாழ ஒரு தலைமுறைக் காலம் தடையின்றிப் பிடித்த ஒரு மீன்பாட்டைத் தம் உரிமை என்று அங்குள்ள படகு உரிமையாளர் நம்பியதற்கு இது ஒரு காரணம்.

2009இல் போர் முடிந்து, அடுத்த ஆண்டுகளில் மேற்குக் கரைக் கிராமங்களுக்கு மக்கள் திரும்பினார்கள். சில இடங்களுக்கு இன்னும் காலம் எடுத்தது. 1992இல் வெளியேறிய இரணைதீவு மக்கள், நெடுநாள் போராட்டத்தின் பின்னர் 2018 ஏப்ரலில் தாமே படகேறித் தீவுக்குத் திரும்பினார்கள். இந்த ஆய்வுக்குரிய கிராமத்தவர் திரும்பி வந்தபோது அவர்களிடம் இருந்தவை, உதவியாகக் கிடைத்த சில கண்ணாடி இழைப் படகுகளும், கடனுக்கு எடுத்த வெளியிணைப்பு எஞ்சின்களும், நண்டு வாங்கும் வியாபாரி முற்பணமாகக் கொடுத்த வலைகளுமே.

நண்டு வலை இந்தக் கதையின் மையப் பொருள் என்பதால் அதைக் கொஞ்சம் விளக்க வேண்டும். நீலக்கால் நண்டுக்கான வலை கடலின் அடியில் நிற்க வைக்கப்படுவது. மாலையில் விரித்துவிட்டுக் கரைக்குத் திரும்பி, விடியப்புறம் போய் இழுப்பார்கள். இரவு முழுவதும் வலை ஆளில்லாமல் கிடக்கும், மிதவை ஒன்றுதான் அடையாளம். அதே இரவில், அதே அடித்தரையில் இழுவை மடி வந்தால் வலை மிஞ்ச வழியில்லை. வலை போனவன் வியாபாரியிடமே மறுபடி வலை வாங்குவான். வாங்கினால் நண்டை அவர் சொல்லும் விலைக்குக் கொடுக்க வேண்டும். ஏற்றுமதியாகும் நண்டின் விலை சந்தையில் ஏறினாலும் இந்தக் கிராமத்தில் ஏறாமல் இருந்ததற்கு அறுந்த வலைகளே காரணம் என்று சங்கத்தின் பொருளாளர் கணக்கோடு காட்டினார்.

2022இன் பொருளாதார நெருக்கடி இதை உச்சத்துக்குக் கொண்டுவந்தது. அந்த ஆண்டு ஆகஸ்ட் மாதம் மண்ணெண்ணெய் லீற்றருக்கு 87 ரூபாயிலிருந்து 340 ரூபாயாக ஒரே நாளில் உயர்ந்தது. வெளியிணைப்பு எஞ்சின்கள் மண்ணெண்ணெயில் ஓடுபவை. ஒருநாள் தொழிலுக்குப் போய் அறுந்த மிதவைக் கயிற்றோடு திரும்புவது, அதன்பின் வெறும் நட்டமாக நிற்கவில்லை. அடுத்த நாள் தொழிலுக்குப் போக முடியாமை என்றாகிவிட்டது.

கவனிக்கப்பட்டவை

சங்கத்தின் கூட்டக் குறிப்புகளில் 2022இன் கடைசி மாதங்களில் மூன்று விடயங்கள் திரும்பத் திரும்ப வருகின்றன.

முதலாவது, அழிவின் கிழமை. தமிழ்நாட்டில் இழுவைப் படகுகளும் நாட்டுப்படகுகளும் மோதிக்கொள்ளாதிருக்க, இராமேஸ்வரம் பகுதியில் இழுவைப் படகுகளுக்கு வாரத்தில் மூன்று நாள் என்ற முறை நெடுங்காலமாக இருந்து வருகிறது. வன்னிக் கரையில் இதைப் பிள்ளைகளும் அறிவார்கள்: திங்கள், புதன், சனி. அந்த இரவுகளில் கரையில் நின்றால் றோலர்களின், அதாவது இழுவைப் படகுகளின், வெளிச்சம் ஒரு தெரு போல வரிசையாகத் தெரியும் என்பார்கள். அதனால் பலர் அந்த நாள்களில் வலை விரிப்பதையே விட்டிருந்தார்கள். வாரத்தின் பாதித் தொழில் யாரும் கணக்கெடுக்காமலே போய்க்கொண்டிருந்தது.

இரண்டாவது, முறைப்பாட்டின் கதி. வலை இழந்தவர்கள் பொலிஸ் நிலையத்திலும் கடற்றொழில் நீரியல் வளத் திணைக்களத்திலும் முறையிட்டிருந்தார்கள். ஆனால் பெரும்பாலான முறைப்பாடுகளில் நேரமோ இடமோ படகின் இலக்கமோ இல்லை. ‘இந்திய றோலர் வந்து வலையை அறுத்துவிட்டது’ என்பதோடு முடிந்தன. எந்த அலுவலராலும் அதை வைத்து ஒன்றும் செய்ய இயலாது.

மூன்றாவதை முதலில் கண்டவர்கள் பெண்கள். வலையிலிருந்து நண்டு கழற்றுவதும் கிழிசலைத் தைப்பதும் அவர்கள் வேலை. நுண்கடன் பெரும்பாலும் அவர்கள் பெயரில்தான் எடுக்கப்பட்டிருந்தது. வலை அறுந்த வாரத்துக்கும் தவணை தவறிய வாரத்துக்கும் உள்ள தொடர்பை அவர்கள் சேமிப்புக் குழுவின் கொப்பியிலேயே எழுதி வைத்திருந்தார்கள். சங்கம் பின்னர் உருவாக்கிய இழப்புப் பதிவேட்டுக்கு அந்தக் கொப்பியே மூலம்.

சுழலியில் சிக்கிய வலை

2023 ஜனவரியில் ஒரு சனிக்கிழமை இரவு, கிராமத்தின் நேர் மேற்கே வந்த ஓர் இழுவைப் படகின் சுழலியில் நண்டு வலையும் மிதவைக் கயிறும் சுற்றிக்கொண்டன. எஞ்சின் நின்றது. கூட வந்த படகுகள் வெளிச்சத்தை அணைத்துக்கொண்டு மேற்கே போய்விட்டன. விடியற்காலை வலை இழுக்கப் போனவர்கள், தங்கள் வலையாலேயே கட்டப்பட்ட படகொன்று ஆறு பேரோடு வாடைக்காற்றில் ஆடிக்கொண்டிருப்பதைக் கண்டார்கள். ஒரு மணி நேரத்துக்குள் கிராமத்தின் படகுகள் பல அதைச் சூழ்ந்தன.

அங்கே கடலிலேயே நடந்த வாக்குவாதம்தான் இந்த நிகழ்வின் முதற் திருப்பம். இளைஞர் சிலர் படகைக் கரைக்கு இழுத்து, இழப்பீடு வரும்வரை ஆட்களை வைத்திருக்க வேண்டும் என்றார்கள். மீன்பெட்டிகளையும் மடியையும் எடுத்துக்கொண்டு படகை விட்டுவிடலாம் என்றது இன்னொரு தரப்பு. கடற்படைக்கு அறிவிக்க வேண்டும் என்று சொன்னவர்கள் சிலரே. அதைச் சொல்வது அங்கே இலகுவான காரியமும் அல்ல. போர் முடிந்து நெடுங்காலம் கடலுக்குப் போகத் தாங்களே பாஸ் காட்டிய ஒரு படையை, அதே மொழி பேசும் ஆட்களைப் பிடிக்க அழைப்பது வன்னியில் மனத்தை உறுத்தும். சூழ்ந்து நின்றவர்களில் ஒருவர் குழந்தைப் பருவத்தைத் தமிழ்நாட்டின் மண்டபம் அகதி முகாமில் கழித்தவர். அவர் படகோட்டியிடம் சொன்னதைப் பலரும் நினைவு வைத்திருக்கிறார்கள்: “அண்ணை, நாங்கள் அகதியாய் வந்து நிக்கேக்க சோறு தந்தது உங்கட ஊர்ச் சனம். அதை மறக்கேல்லை. ஆனா இந்த வலை என்ர மனிசியின்ர பேரில எடுத்த கடன்.”

படகோட்டியின் மறுமொழியும் பதிவுக்குரியது. தாங்கள் கூலிக்கு வந்தவர்கள், எங்கே இழுப்பது என்பதை முதலாளி சொல்வதில்லை, ஆனால் டீசல் செலவுக்கு மேல் மீன் வராவிட்டால் அடுத்த முறை அழைக்கமாட்டார் என்றார் அவர். ஆறு பேரில் இரண்டு பேர் கடற்கரையைச் சேர்ந்தவர்களே அல்ல. உள்மாவட்டத்திலிருந்து வேலைக்கு வந்தவர்கள்.

எடுத்த முடிவும் அதன் காரணங்களும்

கடலிலிருந்து தொலைபேசியில் கேட்டபோது சங்கத் தலைவர் மூன்று பேரோடு ஆலோசித்தார்: செயலாளர், பங்குத்தந்தை, பெண்கள் சேமிப்புக் குழுவின் தலைவி. முடிவு ஐந்து பகுதிகளாக வந்தது. ஆட்கள் மேல் கை வைக்கக்கூடாது. குடிக்கத் தண்ணீரும் தேநீரும் கொடுக்க வேண்டும். படகிலிருந்து ஒரு பொருளும் எடுக்கக்கூடாது. பதிவு இலக்கம், நேரம், ஜீபிஎஸ் புள்ளி, சுழலியில் சிக்கிய வலை ஆகியவற்றைப் படம் பிடிக்க வேண்டும். அதன்பின் கடற்படைக்கும் திணைக்களத்துக்கும் ஒரே நேரத்தில் அறிவிக்க வேண்டும்.

இந்த முடிவை அன்று பலர் கோழைத்தனம் என்றார்கள். தலைவர் தரப்பின் காரணங்களை நான் விரிவாகக் கேட்டேன். ஆட்களைப் பிடித்து வைப்பது குற்றம். பொருளை எடுத்தால் அது கொள்ளை. இரண்டில் ஒன்று நடந்தால் மறுநாள் தமிழ்நாட்டுச் செய்திகளில் வலை அறுந்தது வராது, அடித்ததும் பறித்ததும்தான் வரும். கடலில் மோதல் எப்படி முடியும் என்பதும் அவர்கள் கண்முன் இருந்தது. 2021 ஜனவரியில் நெடுந்தீவுக்கு அப்பால் கடற்படைப் படகோடு நேர்ந்த மோதலில் தமிழ்நாட்டுப் படகிலிருந்த நால்வர் இறந்தார்கள். அவர்களில் ஒருவர் மண்டபத்தில் வாழ்ந்த இலங்கை அகதி. அடுத்த ஆண்டு ஜனவரியில் வடமராட்சி கிழக்கில் இரண்டு தொழிலாளர் கடலில் இறந்தபோது, இழுவைப் படகு மோதியே இறந்தார்கள் என்று வடக்குக் கரையெங்கும் மக்கள் வீதிக்கு இறங்கினார்கள். இன்னோர் உயிர் போனால் பேச இடமே இருக்காது என்பது பங்குத்தந்தையின் வாதம்.

எல்லாவற்றிலும் கனமான காரணத்தைச் சொன்னவர் செயலாளர். பிணக்கை ‘இந்தியன் – இலங்கையன்’ என்று வைத்தால் அதைத் தீர்க்கும் அதிகாரம் டெல்லிக்கும் கொழும்புக்கும் போய்விடும். ‘இழுவை மடி – நண்டு வலை’ என்று வைத்தால் தொழில் தெரிந்த இரண்டு பேர் உட்கார்ந்து பேசலாம் என்றார். இலங்கையில் இழுவை மடித் தொழில் 2017இல் சட்டத்தால் தடைசெய்யப்பட்டுவிட்டது. ஆகவே ஆளைச் சொல்லாமல் தொழில்முறையைச் சொன்னாலே சட்டமும் தம் பக்கம் நிற்கும் என்பது அவர் கணக்கு. இந்த ஒரு தெரிவுதான் பின்னால் வந்த எல்லாவற்றுக்கும் வழி திறந்தது என்பது என் கணிப்பு.

படகும் ஆட்களும் கடற்படையால் பொறுப்பேற்கப்பட்டு, திணைக்களம் வழியாக நீதவான் முன் நிறுத்தப்பட்டார்கள். 2018இல் கடுமையாக்கப்பட்ட வெளிநாட்டு மீன்பிடிப் படகுச் சட்டத்தின் கீழ் வழக்கு நடந்தது. ஆட்கள் சில வாரங்களில் ஒத்திவைக்கப்பட்ட தண்டனையோடு ஊர் திரும்பினார்கள், படகு நின்றது.

அந்த இடைவெளியில் படகின் உரிமையாளர் ஓர் இடையாள் மூலம் சங்கத்தைத் தொடர்புகொண்டார். அறுந்த வலைகளுக்குப் பணம் தருவதாகவும், சங்கம் தனக்குச் சாதகமாக ஒரு கடிதம் கொடுக்க வேண்டும் என்றும் கேட்டார். வலை இழந்த குடும்பங்களில் பாதிக்கு மேல் வாங்கிக்கொள்ளலாம் என்றன. அந்த மாதத் தவணை அவர்களை அப்படிச் சொல்ல வைத்தது. பொதுக்கூட்டம் இரண்டு முறை கூடிய பின் சங்கம் மறுத்தது. கடிதத்துக்குக் கூலியாகப் பணம் வாங்கினால் நாளை ஒவ்வோர் அறுந்த வலைக்கும் ஒரு விலை நிர்ணயமாகும், அழிவு அனுமதிச் சீட்டாகிவிடும் என்பது காரணம். மறுத்ததோடு, உறுப்பினர்களிடம் திரட்டிய நிதியிலிருந்து அந்தக் குடும்பங்களின் ஒரு தவணையைச் சங்கமே கட்டியது. இதைச் செய்யாதிருந்தால் மறுப்பு நிலைத்திருக்காது. பணத்தை மறுத்தாலும் தொடர்பை அறுக்கவில்லை: ‘பேசுவதென்றால் உங்கள் சங்கத்தாரோடு வாருங்கள்’ என்று சொல்லியனுப்பினார்கள்.

கச்சதீவில்

கச்சதீவு அந்தோனியார் திருவிழா 2023இல் மார்ச் 3, 4 ஆம் திகதிகளில் நடந்தது. கொரோனாவுக்குப் பின் இரு கரை மக்களும் பெருமளவில் கூடிய முதல் ஆண்டு அது. கடவுச்சீட்டு இல்லாமல் இரு நாட்டுக் கடற்றொழிலாளரும் ஒரே மணலில் உட்காரக் கிடைக்கும் வேறு இடம் இந்தக் கடலில் இல்லை. சங்கத்திலிருந்து ஐந்து பேர் போனார்கள். பங்குத்தந்தை வழியாக அறிவிக்கப்பட்டிருந்த ஒரு துறைமுகச் சங்கத்தின் நிர்வாகிகள் சிலர் அங்கிருந்து வந்தார்கள். சிலுவைப்பாதை முடிந்த பின் பேச்சு தொடங்கியது.

மேசைக்குப் போகும் முன் சங்கம் தன் வீட்டை ஒழுங்கு செய்திருந்தது. தன் உறுப்பினர்களிடையே தடைசெய்யப்பட்ட தங்கூசி வலை (ஒற்றை நைலான் இழை வலை) பாவித்தவர்கள் இருந்தார்கள். வடக்கின் வேறு இடங்களில் உள்ளூர் இழுவைப் படகுகளும் ஓடின. ‘நீங்கள் மட்டும் யோக்கியமா’ என்ற கேள்வி நிச்சயம் வரும் என்று எதிர்பார்த்து, பெப்ரவரியிலேயே தங்கூசி வலையைக் கைவிடத் தீர்மானம் எடுத்து, சிலரின் எதிர்ப்புக்கிடையே நடைமுறைப்படுத்தினார்கள். கேள்வி வந்தது. தீர்மானத்தின் பிரதியை எடுத்துக் கொடுத்தார்கள். அதன்பின் பேச்சின் தொனி மாறியது என்று போயிருந்த ஐவருமே தனித்தனியாகச் சொன்னார்கள்.

எதிர்த்தரப்பு சொன்னவற்றையும் குறிக்க வேண்டும். படகு ஒவ்வொன்றும் கடனில் நிற்கிறது. தங்கள் பக்கத்துக் கடல் ஒரு நாள் தொழிலுக்குக்கூடத் தாங்காது. ஆழ்கடல் தூண்டில் படகுக்கு மாறும்படி 2017இல் தொடங்கிய அரச திட்டத்தில் படகொன்றின் மதிப்பு 80 இலட்சம் இந்திய ரூபாய், அதில் மானியம் எழுபது வீதமானாலும் மிச்சத்தைப் புரட்ட இயலவில்லை. பாக்கு நீரிணையில் இரவு போய் விடியத் திரும்பிப் பழகியவர்களுக்கு வாரக்கணக்கில் ஆழ்கடலில் கிடக்கும் தொழில் தெரியாது. இவை பொய்யல்ல. சென்னையில் 2010 ஆகஸ்டில் இரு நாட்டுத் தொழிலாளர் பிரதிநிதிகள் பேசியபோது ஓராண்டுக்குள் இழுவை மடியைக் கைவிடுவதாகவும், அதுவரை வரையறுத்த நாள்களுக்கு மட்டும் வருவதாகவும் இணங்கியிருந்தார்கள். அரசுகள் அதற்குச் சட்ட வடிவம் கொடுக்கவில்லை. 2015 மார்ச்சில் மறுபடி பேசியபோது கேட்கப்பட்ட அவகாசம் மூன்றாண்டாகியிருந்தது. 2016 நவம்பரில் டெல்லியில் இரு நாட்டு அமைச்சர்கள் கூட்டுச் செயற்குழு அமைத்தார்கள். ஒவ்வொரு சுற்றிலும் அவகாசம் நீண்டதே தவிர, மடி சுருங்கவில்லை.

ஆகவே ஐவரும் பெரிய உடன்பாடு எதையும் கேட்கவில்லை. சின்னதாக, சோதித்துப் பார்க்கக்கூடியதாக ஒன்றைக் கேட்டார்கள். கிராமத்தவர் வலை விரிக்கும் பரப்பின் நான்கு மூலைகளை ஜீபிஎஸ் புள்ளிகளாகக் கொடுப்பது. அதற்குள் அந்தத் துறைமுகப் படகுகள் வராதிருப்பது. வலை அறுந்தால் இலக்கத்தோடு அறிவிப்பது. அறிவித்தால் உரிமையாளரை அங்குள்ள சங்கம் விசாரிப்பது. பரப்புக்கு வெளியே வரலாம் என்று இதற்கு அர்த்தமில்லை, எல்லை கடப்பதை நாங்கள் ஏற்கவில்லை என்பதையும் அழுத்திச் சொன்னார்கள். எழுத்தில் ஒன்றும் இல்லை. இரு பக்கத்திலும் மும்மூன்று பேர் கொண்ட வாட்ஸ்அப் குழு ஒன்று உருவானது.

இந்த இடத்தில் சங்கத்தின் மேல் கடுமையான விமர்சனம் எழுந்தது. பரப்பைக் குறித்துக் கொடுத்ததே மற்றப் பரப்பை விட்டுக்கொடுத்ததற்குச் சமம் என்றார்கள் பக்கத்துக் கிராமத்தவர். தங்கள் வலைகளுக்கு மட்டும் பாதுகாப்புத் தேடிக்கொண்டார்கள் என்ற பேச்சு, கடற்றொழிலாளர் சங்கங்களின் கூட்டமைப்பான மாவட்டச் சமாசத்திலும் வந்தது. விமர்சனத்தில் நியாயம் இருந்தது. ஏப்ரலில் இரண்டு அயற்கிராமங்களின் பரப்பையும் சேர்த்து மூலைகளை மாற்றிக் கொடுத்தார்கள்.

அமைதியாகத் தோன்றிய இரண்டு மாதம்

ஏப்ரல் நடுவிலிருந்து ஜூன் நடுவரை ஒரு வலைகூட அறுபடவில்லை. கிராமத்தில் நம்பிக்கை பெருகியது. இன்னும் சில உறுப்பினர்கள் கடன் எடுத்துப் புது வலை வாங்கினார்கள். திங்கள், புதன், சனியிலும் விரித்தார்கள்.

ஆனால் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை தமிழ்நாட்டின் கிழக்குக் கரையில் இழுவைப் படகுகளுக்கு மீன் இனப்பெருக்கக் காலத் தடை. 61 நாள் அங்கே படகுகள் துறைமுகத்தை விட்டு அசைவதில்லை. வலை அறுபடாததற்கு உடன்பாடு காரணமா, தடை காரணமா என்று பிரித்துப் பார்க்க வழியே இருக்கவில்லை. தடையைப் பற்றி எல்லோரும் அறிந்திருந்தும், நற்செய்தி வேண்டியிருந்த ஒரு கிராமத்தில் அதை உரக்கச் சொல்ல எவரும் முன்வரவில்லை. பெண்கள் குழுத் தலைவி மட்டும், ஜூன் கழியட்டும், பிறகு கடன் எடுங்கள் என்று கூட்டத்தில் சொன்னதாகக் குறிப்பு இருக்கிறது.

ஜூனுக்குப் பின்

தடை முடிந்த வாரத்திலேயே வலைகள் அறுபட்டன. குழுவில் செய்தி போனது. அங்கிருந்து மறுமொழி வந்தது: அது எங்கள் துறைமுகப் படகல்ல. இலக்கத்தைச் சரிபார்த்தபோது உண்மைதான், வேறு துறைமுகத்துப் படகு. பின்வந்த மாதங்களின் பதிவேட்டைப் பார்த்தால் ஒரு போக்குத் தெளிவாகத் தெரிகிறது. பேச்சில் பங்கெடுத்த துறைமுகத்தின் படகுகள் குறித்த பரப்புக்குள் வருவது முற்றாக நிற்காவிட்டாலும் குறைந்தது. அவர்கள் ஒதுங்கிய இடத்தை மற்றத் துறைமுகப் படகுகள் நிரப்பின. கிராமத்தின் மொத்த இழப்பு பெரிதாக மாறவில்லை.

ஒரு முறை மட்டும் ஏற்பாடு நினைத்தபடி வேலை செய்தது. செப்ரெம்பரில் ஓர் இரவு, அந்தத் துறைமுகப் படகொன்று வலைகளை இழுத்துச் சென்றது; இலக்கம் தெளிவாகப் படமாகியிருந்தது. அங்குள்ள சங்கம் உரிமையாளரை அழைத்து விசாரித்து, அடுத்த மூன்று தொழில் நாள்களுக்கு அவர் படகைக் கட்டி வைத்தது. வன்னிக் கரையில் எவரும் எதிர்பாராத செயல் அது. ஆனால் அவ்வாறு கட்டி வைத்த நிர்வாகிகள் மேல் அவர்கள் ஊரிலேயே எதிர்ப்பு எழுந்தது. நம் ஆளைக் கடற்படை பிடிக்கும்போது அந்தப் பக்கத்துக்காரனுக்காக நம் படகை நிறுத்துவதா என்று கேட்டார்கள். இரண்டாம் முறை அப்படிச் செய்ய அவர்களால் முடியவில்லை.

ஆண்டின் பிற்பகுதியில் கைதுகள் கூடின. ஒவ்வொரு கைதுக்கும் பின் குழு சில நாள் மௌனமாகும். 2024 பெப்ரவரியில் இலங்கை நீதிமன்றம் தமிழ்நாட்டுப் படகோட்டிகள் சிலருக்குச் சிறைத்தண்டனை விதித்ததை எதிர்த்து, இராமேஸ்வரம் மீனவர்கள் அந்த மாதம் 23, 24 ஆம் திகதிகளில் நடந்த கச்சதீவுத் திருவிழாவைப் புறக்கணித்தார்கள். ஐவரும் போய்த் தனியே திரும்பினார்கள். ஜூனில், படகொன்றைக் கைப்பற்றும் முயற்சியில் இலங்கைக் கடற்படை வீரர் ஒருவர் இறந்தார். ஆகஸ்டில் கடற்படைப் படகோடு மோதிய தமிழ்நாட்டுப் படகிலிருந்த ஒருவர் இறந்தார். அந்த ஆண்டில் கைதான தமிழ்நாட்டு மீனவர் தொகை ஐந்நூறைத் தாண்டியது. குழு கலைக்கப்படவில்லை, ஆனால் பெருநாள் வாழ்த்துகளுக்கு மேல் அதில் ஒன்றும் வரவில்லை.

2025 மார்ச்சில் இராமேஸ்வரத்திலிருந்து பிரதிநிதிகள் வந்து, வவுனியாவில் வடக்குக் கடற்றொழிலாளர் பிரதிநிதிகளோடு பேசினார்கள். பல ஆண்டுகளின் பின் தொழிலாளர் மட்டத்தில் நடந்த நேரடிப் பேச்சு அது. அதுவும் வன்னி மண்ணில். இலங்கைப் பக்கம் வைத்த முதன்மைக் கோரிக்கை இழுவை மடியை நிறுத்துவதே. அடுத்த மாதம் இந்தியப் பிரதமர் கொழும்பு வந்தபோது மனிதாபிமான அணுகுமுறை பற்றிப் பேசப்பட்டது. சங்கம் தன் இழப்புப் பதிவேட்டின் பிரதியைச் சமாசத்திடம் முன்னரே ஒப்படைத்திருந்தது.

மீதமானவையும் மாற்ற வேண்டியவையும்

வலை அழிவை நிறுத்துவது நோக்கமாயிருந்தால், இந்த முயற்சி தோற்றது. அதைச் சுற்றி வளைத்துச் சொல்லத் தேவையில்லை. ஆனால் இரண்டு விளைவுகள் நிலைத்திருக்கின்றன. கிராமத்தின் படகுகளுக்கும் றோலர்களுக்கும் இடையே பின்னர் நேர்ந்த சந்திப்புகளில் கல்லெறிதலோ ஆட்களைப் பிடித்தலோ நடக்கவில்லை. மேலும், முறைப்பாடுகள் இன்று நேரம், புள்ளி, இலக்கம், படம் என்று முழுமையாகப் போகின்றன; அவற்றில் சில நீதிமன்றத்தில் சான்றாக ஏற்கப்பட்டுள்ளன.

ஏற்பாடு ஏன் நிலைக்கவில்லை என்பதற்குச் சங்கத்தவர் தரும் விளக்கத்தை நானும் ஏற்கிறேன். எதிரே உட்கார்ந்தவர்கள் நல்ல மனத்தோடு வந்தார்கள், ஆனால் கடலில் வந்த படகுகளைக் கட்டுப்படுத்தும் அதிகாரம் அவர்களிடம் இருந்தது ஒரு துறைமுகத்துக்கு மட்டும், அதுவும் அந்த ஊர் அமைதியாயிருக்கும்வரை. கோட்டைப்பட்டினம், ஜெகதாப்பட்டினம், நாகப்பட்டினம், காரைக்கால் என்று துறைமுகங்கள் பல. ஒன்றின் ஒழுங்கு மற்றதன் இலாபமாகிறது. இதை ஒரு கிராமச் சங்கம் சரிசெய்ய இயலாது. துறைமுகங்கள் அனைத்துக்கும் பொதுவான உரிம ஒழுங்கைத் தமிழ்நாட்டு அரசும், காரைக்காலுக்குப் புதுச்சேரி அரசும்தான் விதிக்க முடியும். இழுவையிலிருந்து வெளியேறும் உரிமையாளரின் கடனைத் தாங்கும் நிதியை அரசுகளே கொடுக்க முடியும். தொழிலாளர் பேச்சு அரசுகளின் பேச்சுக்கு மாற்றாகாது. அரசுகளின் மேசையில் இல்லாத விவரத்தை அது கொண்டுவரும், அதிகாரத்தைக் கொண்டுவராது.

அடுத்த சுற்றுக்காகச் சங்கத்தின் 2025 ஆம் ஆண்டுப் பொதுக்கூட்டம் சில தீர்மானங்களை எடுத்துள்ளது. எந்த ஏற்பாட்டையும் ஜூன் 15க்குப் பின்னர்தான் தொடங்குவது, தடைக்காலத்தை வெற்றிக் கணக்கில் சேர்ப்பதில்லை. ஒரு துறைமுகத்தோடு தனியே பேசுவதில்லை. குறைந்தது மாவட்டச் சமாசமும், எதிர்ப்பக்கத்தில் பல துறைமுகங்களின் கூட்டமைப்பும் இருக்க வேண்டும். அயற்கிராமங்களோடு பேசி முடிக்காமல் கடலில் எந்தப் பரப்பையும் குறித்துக் கொடுப்பதில்லை. படகுகளில் வருகிற கூலித் தொழிலாளர் சார்பிலும் ஒருவரையாவது எதிர்ப்பக்கத்திலிருந்து கேட்பது. முதலாளிகள் மட்டும் உட்கார்ந்த பேச்சில் சுக்கான் பிடிப்பவனின் நிர்ப்பந்தம் வெளிப்படவே இல்லை. கச்சதீவுக்குப் போன ஐவரும் ஆண்களாயிருந்தது பற்றியும் விவாதம் நடந்தது. கடன் கொப்பியை வைத்திருந்தவர்கள் இல்லாமல் இழப்பைப் பற்றிப் பேசியதால், எதிர்த்தரப்பின் கடன் கதைக்கு எதிரே தங்கள் கடன் கதையை அதே கூர்மையோடு வைக்க முடியவில்லை என்று ஐவரில் ஒருவரே சொன்னார். இனிப் போகும் குழுவில் இரண்டு இடம் சேமிப்புக் குழுவுக்கு என்று தீர்மானமாகியுள்ளது. தங்கூசி வலைத் தடையை மீறுவோருக்கு விதிக்கும் தண்டப்பணம் பற்றி மட்டும் இணக்கம் ஏற்படாமல், அது அடுத்த கூட்டத்துக்கு ஒத்திவைக்கப்பட்டிருக்கிறது.